கெவினின் நட்சத்திரம்

"ஆரின்ர பேருக்கு அர்ச்சனை? நட்சத்திரம் என்ன?" என்று ஐயர் கேட்டார். கற்பூரப் புகை மூக்கில் ஏற, எண்பதுகளில் மனோர் பார்க் பகுதியில் எரிந்த எங்கள் முன்கதவு மணத்தது.

எனக்கு அப்போது ஒன்பது வயது. கதவில் கடிதம் போடும் துவாரத்தால் பெட்ரோலை ஊற்றி, "உங்கள் நாட்டுக்கே ஓடுங்கள்" என்று கத்தி, நெருப்பு வைத்தார்கள். ஊரில் கலவரத்தில் வீட்டைக் கொளுத்தியதால்தான் இங்கே ஓடிவந்திருந்தோம். நெருப்பை அணைத்த அப்பாவின் இரண்டு கைகளும் வெந்துபோயின. ஓடியவர்களில் ஒருவனை அம்மா யன்னலால் கண்டாள். எதிர்வீட்டு வெள்ளைக்காரப் பையன் கெவின். சாட்சி போதாது என்றது பொலிஸ்.

அந்த வெள்ளிக்கிழமையே அம்மா என்னை முருகன் கோயிலுக்கு இழுத்துப்போனாள்.

"கெவின் எண்ட பேருக்கு அர்ச்சனை செய்யுங்கோ ஐயா. அவன்ர கை அழுகவேணும்."

ஐயர் திகைத்துப்போனார். "பிள்ளை, அர்ச்சனை செய்தால் அவனுக்கு நல்லதெல்லோ நடக்கும்?"

"முதல்ல முருகனுக்கு ஆளைத் தெரியட்டும். மிச்சத்தை நான் அவரோட கதைக்கிறன்."

அப்பா சாகும்வரை அவருடைய விரல்கள் நிமிரவில்லை. கெவினுக்கோ நல்ல வேலை கிடைத்தது, கலியாணம் நடந்தது, இரட்டைப் பிள்ளைகள் பிறந்தன. அம்மா பல்லைக் கடித்தாளே தவிர, ஒரு வெள்ளிக்கிழமையையும் விடவில்லை.

அவள் செத்து, முப்பத்தொரு நாள் துடக்குத் தீட்டு முடிந்த முதல் வெள்ளி இன்று. நான் என் பிள்ளைகளின் பேரைச் சொல்வேன் என்று நினைத்து ஐயர் தட்டோடு காத்துநின்றார்.

"கெவின்," என்றேன். "நட்சத்திரம் தெரியாது. முருகனுக்கு ஆளைத் தெரியும்."