கிணறு, முகப்பு, கோல்கீப்பர்

போன வியாழக்கிழமை நம் பத்திரிகையின் முதலாளி என் மேஜைக்கு வந்தார். முகமெல்லாம் சிரிப்பு.

"இனிமே நமக்கு ரெண்டு முதலாளிப்பா! என் மச்சினரும் பங்கு சேர்றாக" என்றார்.

"ரொம்ப சந்தோஷம்" என்றேன். சொல்லி வாய் மூடவில்லை, கையிலிருந்த காப்பி டம்ளர் டபராவில் தாளம் போட ஆரம்பித்துவிட்டது.

"என்னப்பா, காய்ச்சலா?"

காய்ச்சல் இல்லை. பயம்! வாரா வாரம் இந்தப் பக்கத்தைப் படிக்கிறவர்களுக்கு என் பயங்கள் ஒன்றும் புதிதல்ல. பல்லிக்குப் பயந்ததை எழுதினேன். தந்திச் சேவகனைக் கண்டு பயந்ததை எழுதினேன். ஆனால் இரண்டு முதலாளி என்றால் எனக்கு ஏன் குலை நடுங்கும் என்பதை மட்டும் இதுவரை எழுதவில்லை. எழுதவும் பயம்தான்.

முதலாளி போகிற போக்கில் இன்னொரு குண்டும் போட்டார். "மச்சினர் ரொம்பக் கண்டிப்பு. எல்லாரும் பழைய எஜமான் கொடுத்த நன்னடத்தை சர்டிபிகேட் காட்டணுமாம். திங்கக்கெழமை கொண்டாந்துரு."

என்னிடம் ஒரே ஒரு சர்டிபிகேட் உண்டு. டிரங்குப் பெட்டியின் அடியில் கிடக்கிறது. அதை வெளியே எடுக்கவே பயம். ஏன் என்று கேட்கிறீர்களா? சரி, இன்றைக்குச் சொல்லியே விடுகிறேன்.

இதே காரைக்குடியில், மீசை சரியாகக் கறுக்காத வயதில், நான் ஒரு ஹாக்கி டீமில் கோல்கீப்பராக இருந்தேன். சிரிக்காதீர்கள். மாதச் சம்பளத்துக்கு!

டீமுக்குச் சொந்தக்காரர் ஒரு பெரிய செட்டியார். ரங்கூனுக்குக் கொண்டுவிற்க, அதாவது வியாபாரம் பண்ண, போன இடத்தில், வெள்ளைக்காரச் சிப்பாய்கள் ஹாக்கி ஆடுவதைப் பார்த்துச் சொக்கிப் போனவர். ஊர் திரும்பும்போது எல்லோரும் தேக்கும் பீங்கானும் கொண்டுவந்தார்கள். இவர் அவற்றோடு இரண்டு கட்டு ஹாக்கி மட்டையும் கொண்டுவந்தார். கோவிலூர்ச் சாலையோரம் ஒரு செம்மண் பொட்டலைச் சமன் செய்தார். பதினோரு ஆட்களைச் சம்பளத்துக்கு வைத்தார். மட்டை பிடிக்கச் சம்பளமா என்று ஊரே சிரித்தது. சிரித்தவர்களெல்லாம் சாயங்காலமானால் பொட்டலில் வந்து நின்றார்கள், அது வேறு விஷயம்.

பயந்தாங்கொள்ளியான நான் எப்படிக் கோல்கீப்பர் ஆனேன்? அதற்கும் காரணம் பயம்தான். ஹாக்கிப் பந்து இருக்கிறதே, விளாம்பழம் மாதிரி… முழங்காலில் பட்டால் முனகக்கூட மூச்சு வராது. மற்ற பத்துப் பேரும் வெறுங்காலோடு ஆட வேண்டும். கோல்கீப்பருக்கு மட்டும் காலில் கட்டிக்கொள்ளப் பஞ்சு வைத்த பேட் உண்டு! அதைப் பார்த்ததும் "நான் கோலுக்கு நிக்கிறேன்" என்று கையைத் தூக்கிவிட்டேன். பந்தெல்லாம் அங்கேதான் வரும் என்பது இரண்டு நாள் கழித்துத்தான் உறைத்தது.

ஐந்து வருஷம் நன்றாகத்தான் போயிற்று. பெரிய செட்டியார் காலமானார். அவர் பேரில் நடந்த டீம், அவரை அப்பச்சி என்று கூப்பிடும் இரண்டு பிள்ளைகளுக்கும் கூட்டாக வந்தது. மூத்தவரைப் பெரியவர் என்போம்; சிரிக்க மாட்டார், பேசவும் மாட்டார். இளையவர் சின்னவர்; தோளில் கை போட்டுப் பேசுவார். அந்தக் கை எப்போது கழுத்துக்கு வரும் என்றுதான் எனக்குத் திகிலாக இருக்கும்.

அண்ணன் தம்பிக்குள் பிணக்கு வந்தது. எதற்கு என்று எனக்கு இன்றுவரை தெரியாது. மத்தியஸ்தர்கள் உட்கார்ந்து பாகம் பிரித்தார்கள். வீட்டில் ஆளுக்குப் பாதி. வெள்ளி, பித்தளை, கண்ணாடி, எல்லாம் பாதி. கடைசியில் ஒருவர் கேட்டார்: "டீமு?"

அதையும் பிரித்தார்கள்! திருவுளச் சீட்டுப் போட்டு, ஆட்டக்காரர்களில் ஐந்து பேர் பெரியவருக்கு, ஐந்து பேர் சின்னவருக்கு. மீதி ஒருவன்… நான். பதினொன்றை இரண்டாக வகுக்க முடியவில்லை. செட்டிநாட்டு வழக்கம் தெரியுமல்லவா? பிரிக்க முடியாததைப் பொதுவில் வைப்பார்கள். பத்திரத்தில் எழுதினார்கள்: "கிணறு, முகப்பு, கோல்கீப்பர் ஆகிய மூன்றையும் இருவரும் பொதுவில் வைத்து அனுபவித்துவரக் கடவது."

எங்கள் சென்டர் பார்வர்டு காதர், பெரியவர் பாகத்துக்குப் போனவன், விழுந்து விழுந்து சிரித்தான். "டேய் சுப்பு! ஒன்னையக் கெணத்தோட சேத்து எழுதிப்புட்டாகடா. தூர் வாரும்போது சொல்லு, வாரேன்."

அவனுக்குச் சிரிப்பு. எனக்கோ அன்று முதல் மத்தளத்துக்கு இரண்டு பக்கமும் இடி. இருவரும் மதுரை, திருச்சி என்று ஆள் பிடித்து டீமை நிரப்பிக்கொண்டார்கள். இந்த வாரம் பெரியவர் டீமுக்கு நிற்பேன். அடுத்த வாரம் சின்னவர் டீமுக்கு. உப்பிட்டவரை உள்ளளவும் நினை என்கிறார்கள். உப்பிட்டவர் இரண்டு பேராக இருந்து, இருவருக்கும் ஆகாது என்றால் யாரை நினைப்பது?

ஒரு வருஷம் ஓடியது. அப்புறம் வந்தது வினை. ஒரே ஊரில் ஒரே அப்பச்சி பேரில் இரண்டு டீம் என்ன கேலிக்கூத்து என்று மத்தியஸ்தர்கள் ஒரு முடிவு கட்டினார்கள். இரண்டு டீமும் மோதட்டும். ஜெயிப்பவருக்கு முழு டீமும் அப்பச்சி பேரும் சொந்தம்.

கோலில் யார் நிற்பது? பொதுச் சொத்தல்லவா நான்! முதல் பாதி பெரியவருக்கு, இரண்டாம் பாதி சின்னவருக்கு. நான் கிடைக்காத கட்சி அந்தப் பாதியில் வேறு ஒருவனுக்குப் பேட் கட்டி எதிர்க் கோலில் நிறுத்திக்கொள்ள வேண்டும். ஹாப்டைம் ஆனால் டீம்கள் பக்கம் மாறும். ஆகவே நான் நகரவே வேண்டாம்! அதே கோல், அதே கம்பம், அதே நான். மாறப் போவது முதலாளி மட்டும்.

ஆட்டத்தன்று காலையில் பெரியவர் கூப்பிட்டனுப்பினார்.

"எனக்கு நல்லா நில்லு. அவனுக்கும் நல்லா நில்லு. ரெண்டுல ஒண்ணுல கொறைஞ்சாலும் எனக்குத் தெரிஞ்சுபோகும். பெறகு இந்த ஊர்ல யாரும் ஒனக்கு வேலை குடுக்க மாட்டாக."

"சரிங்க முதலாளி" என்று தலையாட்டினேன்.

வெளியே வந்தால் சின்னவர்! தோளில் கை.

"சுப்பு, அண்ணனுக்கு நிக்கும்போது ஒண்ணே ஒண்ணு விடு. எனக்கு நிக்கும்போது ஒண்ணும் விடாதே. மத்ததை நான் பாத்துக்கிறேன்."

அதற்கும் தலையாட்டினேன். சத்தியமாக, சம்மதித்து ஆட்டவில்லை. பயத்தில் தானாக ஆடிற்று. ஆனால் பார்த்தவர்களுக்கு அந்த வித்தியாசம் தெரியுமா?

சாயங்காலம் பொட்டலில் எள் போட்டால் விழாத கூட்டம். முதல் பாதி பெரியவர் சார்பில் நிற்கிறேன். சின்னவரின் ஆட்கள் என்னை நோக்கி வருகிறார்கள். ஒருவன் ஓங்கி அடித்தான். நான் வழக்கம்போலக் கண்ணை இறுக மூடிக்கொண்டு காலைத் தூக்கினேன். பந்து காலுக்கு அடியில் போய்விட்டது. கோல்!

வேண்டுமென்று விடவில்லை, ஐயா. நம்புங்கள். ஆனால் கண்ணைத் திறந்து பார்த்தால் கோட்டுக்கு அப்பால் சின்னவர் என்னைப் பார்த்துக் கண் சிமிட்டுகிறார். அந்தச் சிமிட்டல் நூறு பேர் கண்ணில் பட்டிருக்கும். அவர் கேட்டபடியே முதல் பாதி நடந்துவிட்டதே! இரண்டாம் பாதியில் ஒன்றும் விடாமல் நின்றால், விலைபோனவன் என்று ஊரே முத்திரை குத்தும். வேலை போகும். பேரும் போகும்.

ஹாப்டைமில் எலுமிச்சம்பழத் துண்டைச் சப்பிக்கொண்டே முடிவு செய்தேன்: பெரியவர் ஆட்களுக்கு ஒரு கோல் விட்டுவிட வேண்டியது. ஒன்றுக்கு ஒன்று. சமன். யாரும் ஜெயிக்க வேண்டாம், யாரும் என்னைக் கேட்கவும் வேண்டாம். ஆம், முழுப் பிரக்ஞையோடு, தெரிந்தே, மோசடி செய்யத் தீர்மானித்தேன்.

முதலாளி மாறினார். காதர் பந்தோடு வருகிறான். 'வா ராசா, அடி' என்று மனசுக்குள் வரவேற்றேன். அடித்தான். விலகி நிற்க வேண்டியது ஒன்றுதான் என் வேலை. ஆனால் அந்த வெள்ளைப் பந்து விர்ரென்று வந்ததும்… கண் தானாக மூடிக்கொண்டது, கால் தானாக எழும்பிற்று. டொப்! பேடில் பட்டுத் தெறித்து வெளியே போய்விட்டது.

மறுபடி அடித்தான். டொப்! பின்னும் நாலு தடவை. நாலு தடவையும் என் பாழும் கால் போய்க் குறுக்கே நின்றது. "டேய், இன்னைக்கின்னு பாத்து எங்குட்டிருந்துடா வந்துச்சு ஒனக்கு இந்த வீரம்?" என்று காதரே கத்தினான். அழுகை வந்துவிட்டது எனக்கு.

ஆட்டம் முடிந்து விசில் ஊதினார்கள். ஒன்றுக்குச் சைபர், சின்னவருக்கு ஜெயம்.

ஓடிவிடலாமா என்று பார்க்கிறேன், பேட் கட்டிய காலோடு எங்கே ஓடுவது? அதற்குள் சின்னவர் ஒரு பட்டுச் சால்வையை எடுத்துக்கொண்டு வருகிறார், எனக்குப் போர்த்த! அது மட்டும் தோளில் விழுந்தால் என் கதை அன்றோடு முடிந்தது. கூட்டத்தில் முணுமுணுப்பு எழுந்துவிட்டது. "வாங்கிட்டாண்டா" என்று யாரோ சொன்னது காதில் விழுந்தது.

அப்போது மறுபக்கத்திலிருந்து பெரியவர் எழுந்து என்னை நோக்கி நடந்து வந்தார். அறையத்தான் வருகிறார் என்று கன்னத்தைத் தயார் செய்துகொண்டேன்.

"சால்வையை மடிச்சு வையி" என்றார் தம்பியிடம். பிறகு கூட்டத்தைப் பார்த்துச் சொன்னார்:

"இவனை யாரும் ஒண்ணும் சொல்லாதீக. நான் ஆட்டத்தைப் பாக்கலை, இவன் மூஞ்சியத்தான் பாத்துக்கிட்டிருந்தேன். எம் பாதியில பந்து வந்தப்பவும் கண்ணை மூடுனான். அவன் பாதியில வந்தப்பவும் கண்ணை மூடுனான். வெலைபோனவன் கண்ணைத் தொறந்து வச்சுக்கிட்டுல்ல நிப்பான்!"

கூட்டம் கொல்லென்று சிரித்தது. அந்தச் சிரிப்பில் நான் பிழைத்தேன்.

அவர் சிரிக்கவில்லை. அப்பச்சியின் பழைய மட்டை ஒன்றைத் தம்பி கையில் கொடுத்துவிட்டு நடந்தார். அதற்கப்புறம் பொட்டல் பக்கம் அவர் வந்ததே இல்லை. மறுநாள் தம் கைப்பட எழுதி எனக்கு ஒரு காகிதம் அனுப்பினார்: "பயந்த சுபாவமுள்ளவர். ஆயினும் முழு நாணயஸ்தர். எந்த முதலாளியும் நம்பலாம்."

அதுதான் என் ஒரே சர்டிபிகேட்.

அவருக்கு நான் உண்மையைச் சொல்லவில்லை. இன்றும் கடைவீதியில் அவருடைய கார் வந்தால் பக்கத்துச் சந்துக்குள் நுழைந்துவிடுகிறேன். அப்பச்சியின் டீமை இழந்த மனுஷர், அந்த நேரத்திலும் என் பேரைக் காப்பாற்றினார். அவர் மெச்சிய நாணயம் என் காலில்தான் இருந்தது. என் மனசில் இல்லை.

திங்கட்கிழமை அந்தக் காகிதத்தை மட்டும் புது முதலாளியிடம் கொடுப்பதா, இந்தப் பக்கத்தையும் கிழித்துச் சேர்த்துக் கொடுப்பதா? மூன்று நாளாக இதே யோசனை. சோறு இறங்கவில்லை.

இரண்டையும் சேர்த்தே நீட்டப் போகிறேன்… கண்ணை இறுக மூடிக்கொண்டு!