முத்தையன்கட்டில் ஒரு விதைநெல் வயல்

காலை ஆறரைக்கு வவுனியாவில் முல்லைத்தீவு பஸ் ஏறினேன். யன்னலோரம் இடம் கிடைத்ததே பெரிய அதிர்ஷ்டம். நெடுங்கேணி தாண்டியதும் இரு பக்கமும் காடு. ஒட்டுசுட்டானில் இறங்கி, ஓட்டோக்காரரோடு பேரம் பேசித் தோற்று, ஆயிரம் ரூபா கொடுத்து முத்தையன்கட்டுக்குப் போய்ச் சேர ஒன்பது மணி. என் மனைவியின் அக்கா மகேஸ் அங்கே நெல் செய்கிறார். வீட்டில் ஆளில்லை. வயலில், முற்றிய கதிர்களுக்கு நடுவே நின்றார்.

"குறை நினைக்காதேங்கோ தம்பி. பதினொரு மணிக்கு விதை பாக்கிற அதிகாரி வாறார். அவர் பாஸ் பண்ணினால்தான் இது விதைநெல். இல்லாட்டி வெறும் நெல்."

வேறு இன நெல் ஒன்றுகூட நிற்கக் கூடாது என்று தேடித் தேடிப் பிடுங்கிக்கொண்டிருந்தார். நானும் வீராப்பாக இறங்கி ஒரு பிடி பிடுங்கினேன்.

"ஐயோ! நல்லதையெல்லே பிடுங்கிப்போட்டீங்கள்! வரம்பில ஏறி இருங்கோ."

ஏறி இருந்தேன். "ஏனக்கா இந்தப் பாடு? நாலைஞ்சு நிண்டால் என்ன?"

"சண்டைக்குள்ள இடம்பெயர்ந்து நாங்கள் திரும்பி வந்த வருசம் கிடைச்ச விதையில மூண்டு இனம் கலந்து கிடந்தது. ஒண்டு பழுக்க மற்றது பூக்குது. எப்ப வெட்டுறது? முந்தினது கொட்டுண்டு போச்சு, பிந்தினது பதர். பிள்ளையளுக்குச் சோறு குடுக்க நான் பட்ட பாடு! என்ர விதையை வாங்கி ஒருத்தரும் அப்பிடி நிக்கக்கூடாது."

குறையில்லாத ஒன்றுக்கு மனிதர் பெருமைக்காகத்தான் ஏங்குகிறார்கள் என்று அதுவரை நினைத்திருந்தேன். வரம்பில் இருந்தபடியே மனதுக்குள் அவரைக் கும்பிட்டேன்.

அதிகாரி வந்தார். குறுக்கும் நெடுக்கும் நடந்தார், குனிந்தார், நிமிர்ந்தார். அக்கா நகத்தைக் கடித்தபடி பின்னாலேயே போனார்.

"நல்லாயிருக்கம்மா. பாஸ்."

எனக்கு வாயெல்லாம் பல். அக்காவோ தயங்கினார்.

"சேர், வாய்க்கால் மூலையை விட்டிட்டு எழுதுங்கோ. மழை வெள்ளத்தோட பக்கத்து வயல் நெல் அதுக்குள்ள வந்திட்டுது. பிடுங்கினனான். எண்டாலும் மனம் கேக்குதில்லை."

"அதில நான் ஒண்டும் காணேல்லையே?"

"எனக்குப் பயமாக்கிடக்கு சேர்."

அந்த மூலைதான் வயலில் கால்வாசி. விளைச்சலும் அங்கேதான் அதிகம். "அக்கா, உங்களுக்கென்ன விசரே?" என்று கத்தியேவிட்டேன். சிரித்தார். அவர் சொன்னபடியே அதிகாரி எழுதிக்கொண்டு போனார்.

இரண்டு மணிக்குக் குசினியில் சாப்பாடு. விரால் குழம்பு அருமை. சோறுதான் ஒரு மாதிரி: வெள்ளைக்குள் சிவப்பு, சிலது குழைந்தும் சிலது விறைத்தும் இருந்தது.

"இது என்ன நெல் அக்கா?"

"போன போகம் நான் இப்பிடிக் கழிச்சுவிட்ட மூலையில விளைஞ்ச நெல். கலப்பெல்லாம் நாங்கள்தானே சாப்பிடுறது. இன்னும் கொஞ்சம் போடட்டே?"

தட்டை நீட்டினேன்.