பார்க்காமல் வைத்த கால்

பதினோரு வருஷமாக நான் பூதம். சினிமாவுக்காக ரப்பர் தோலை மாட்டிக்கொண்டு ஊர்களை மிதிப்பேன். சிரிப்பவர்கள் அந்த முப்பது கிலோவைப் போட்டுக்கொண்டு விளக்கு வெளிச்சத்தில் பத்து நிமிஷம் நின்று பார்க்கட்டும், நாக்குத் தள்ளிவிடும்.

மிதிபடும் ஊர்களைச் செய்பவன் என் மச்சினன். எல்லாம் முழங்கால் உயரக் கட்டடங்கள். சுவர்களை உள்பக்கம் பிளேடால் கீறி வைப்பான். கால் பட்டதும் பொலபொலவென்று உதிரும். போன வருஷம் பக்கத்து மனைக்காரன் அஸ்திவாரத்துக்கு ஆழமாகத் தோண்டப்போய், இவன் குடியிருந்த நான்கு மாடிக் கட்டடம் சரிந்தது. ஆறு வயது மகள் மதியத் தூக்கத்தில் உள்ளே இருந்தாள். அதற்குப் பிறகு இவன் வாய் திறப்பதே குறைந்துபோனது.

அதே கட்டடத்தை இந்தப் படத்துக்குச் செய்து வைத்திருக்கிறான் என்று என்னிடம் ஒருவரும் சொல்லவில்லை. பூதத்தின் கழுத்து ஓட்டை வழியாகத்தான் எனக்குப் பார்வை. காலைத் தூக்கிய பிறகுதான் இரண்டாம் மாடித் துணிக்கொடியில் விரல்நுனி அளவில் பாப்பாவின் மஞ்சள் கவுனைப் பார்த்தேன். காலை இழுத்துத் தெருவில் வைத்துவிட்டேன். ஷாட் போயிற்று. டைரக்டர் கத்தினார்.

மச்சினன் கழுத்து ஓட்டையருகே வந்தான்.

"ஏன் மச்சான் விலகினீங்க?"

"உனக்கென்ன கிறுக்கா? அது நம்ம பாப்பா வீடுடா."

"தெரிஞ்சுதான் வெச்சேன். சுவரைக் கீறல, கீழ்த்தூணை மட்டும் தீக்குச்சில வெச்சிருக்கேன். அன்னைக்கு உதிரவா செஞ்சுது? மாடிமேல மாடியா உக்காந்துச்சு. அப்படியே விழட்டும்."

"என்னால ஆகாது. வேற ஆளைப் பாரு."

"வேற ஆளு உறுமிக்கிட்டு, கோவமா மிதிப்பான். ஜனங்க கை தட்டுவாங்க. தோண்டினவனுக்கு அவமேல என்ன கோவம்? உள்ள யாரு இருக்கான்னு அவன் பாக்கவே இல்ல. நீங்களும் பாக்காம போங்க. அவ எப்படிப் போனான்னு ஜனங்களாவது பாக்கட்டும்."

அவனை ஓங்கி அறையலாம் போலிருந்தது. ஆனாலும் பிள்ளையைப் பறிகொடுத்தவன் ஒரு வருஷத்தில் வாய்விட்டுக் கேட்ட ஒரே காரியம் அது.

உறுமவில்லை, குனியவில்லை. தலையை நேராக வைத்துக்கொண்டு நடந்தேன். ஐந்தாவது அடியோ ஆறாவது அடியோ, எதில் முடிந்ததென்று எனக்குத் தெரியாது. 'கட்' என்றார்கள். திரும்பினேன். நான்கு மாடியும் ஒன்றின்மேல் ஒன்றாகப் படிந்து கிடந்தன. மச்சினன் பக்கத்தில் குந்தி உட்கார்ந்து குலுங்கிக்கொண்டிருந்தான்.

தோலுக்குள் நானும் அழுதேன். அவளை மிதித்துவிட்டு வந்திருக்கிறேன். என் காலுக்கு எதுவுமே தெரியவில்லை.