மகனைத் தொடாத தாய்

நாங்கள் புலம்பெயர்ந்து வாழும் வோபர்னில் எங்கள் எதிர் அப்பார்ட்மெண்டில் இருப்பவர் ஈரானில் நடிகை. பல படங்களில் கதாநாயகி. ஒரு விருந்தில் முக்காடில்லாமல் நின்ற புகைப்படம் வெளியே வந்தபின் அங்கே யாரும் அவரை நடிக்க அழைக்கவில்லை. இங்கே ஒரு பல் வைத்தியரிடம் ரிசெப்ஷனில் இருக்கிறார்.

எங்கள் குடும்பத்தில் முதலில் பல்கலைக்கழகம் போனவன் நான். படித்தது சினிமா. "படம் பாக்கவோ யூனிவர்சிற்றிக்குப் போனனீ?" என்று அம்மா இன்றைக்கும் கேட்பார். அந்தப் படிப்பு ஒருவருக்காவது உதவட்டும் என்று, நான் உதவி இயக்குநராக இருந்த குறும்படத்தில் அகதித் தாய் வேடத்துக்கு அவரைச் சொன்னேன். மறுபடி நடிக்கப்போகிறோம் என்று லீவு போட்டுவிட்டு வந்தார்.

இயக்குநர் அண்ணை அவரிடம் முதலில் நீட்டியது ஒரு முக்காட்டை.

"அகதியெண்டு சனத்துக்கு உடனை விளங்கவேணும்."

நடிகை என்னைப் பார்த்தார். பிறகு கட்டிக்கொண்டார்.

விமான நிலையத்தில் தாய் மகனைக் காணும் காட்சி. ஒத்திகைக்கு மகனாக நான் நின்றேன். ஓடி வந்தவரின் கைகள் என் தோளருகே நின்றுவிட்டன. என் பையைப் பறித்து நெஞ்சோடு இறுக்கி, அதன் வாரைத் தடவினார். ஈரானியப் படங்களில் நடிகை வேற்று ஆணைத் தொடக்கூடாது, அவன் மகனாக நடித்தாலும். காலமெல்லாம் அப்படித்தான் பாசம் காட்டியிருக்கிறார். முக்காடு ஏறியதும் கை பழக்கத்துக்குப் போய்விட்டது.

"என்னடாப்பா, பையைக் கொஞ்சிறா? கட்டிப்பிடிச்சு அழச் சொல்லு" என்றார் அண்ணை.

விளங்கப்படுத்தினேன்.

"உதையெல்லாம் நான் சப்டைட்டிலிலை போடுறதோ?"

"அண்ணை, நீங்கள் எயார்போட்டிலை வந்திறங்கேக்க உங்கட அம்மா கட்டிப்பிடிச்சவவோ?"

அண்ணை நடிகையின் கையிலிருந்த பையைப் பார்த்தார். "சூட்கேசைத்தான் வாங்கினவ. அது வேறை, தம்பி. இது படம்."

எல்லோருக்கும் சாப்பிட ரோல்ஸ் கொண்டுவந்திருந்த அன்ரி ஒருவரைக் கூப்பிட்டார். அன்ரி என்னை இறுக்கிக்கொண்டு ஓவென்று குழறினார்.

"பாத்தியே, இதுதான் நடிப்பு!"

வேடம் அன்ரிக்குப் போனது. எல்லோரும் கைதட்டினார்கள், நடிகையும்.

வீடு திரும்பும்போது காரில் ஆங்கிலத்தில் ஒன்றுதான் கேட்டார்: "நான் மோசமாக நடித்தேனா?"

இல்லை என்றேன். சினிமா படித்தவன் சொன்னால் நம்புவார் என்று நினைத்தேன். அவர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.