மனஸ்தாபத்துக்கு இரண்டு அர்த்தம்

கட்டம் போட்ட கணக்கு நோட்டிலிருந்து கிழித்த அரைத் தாள். அதில் நாலைந்து வரிதான். “டீச்சர், எனக்கு மிகுந்த மனஸ்தாபமாக இருக்கிறது. தனியாகத் தாங்க முடியவில்லை. சனிக்கிழமை காலை பத்து மணிக்கு அண்ணனூர் ஸ்டேஷன் வாசலில் நிற்கிறேன். நீங்கள் வந்தால் இருவரும் ஓரிடத்துக்குப் போய் வரலாம்.” கையெழுத்து இல்லை. அந்தக் குண்டு குண்டான எழுத்துக்குக் கையெழுத்து தேவையும் இல்லை. ஆவடி குவார்ட்டர்ஸில் எங்கள் வீட்டு வாசல்படியில் நின்றுதான் படித்தேன். படித்ததும் வந்ததைச் சொன்னால் வெட்கக்கேடு, கோபம்தான் வந்தது. மனஸ்தாபமாமே! இருந்துவிட்டுப் போகட்டும், எனக்கென்ன வந்தது என்று மடித்து அரிசி டின்னுக்கு அடியில் செருகினேன். சனிக்கிழமை பத்து மணிக்கு நான் துணி துவைத்துக்கொண்டிருந்தேன். துவைக்க வேண்டாத திரைச்சீலையைக்கூட எடுத்துப் போட்டுத் துவைத்தேன்.

எழுதியவர் எங்கள் பள்ளிக்கூடத்து ஞானோபதேச டீச்சர். எண்பதுகளின் நடுவில், சேக்காட்டுப் பக்கம் கன்னியாஸ்திரிகள் நடத்திய ஒரு பள்ளியில் நான் கணக்கு டீச்சர். வாரத்தில் இரண்டு பீரியட் கத்தோலிக்கப் பிள்ளைகளெல்லாம் ஞானோபதேசத்துக்கு அவரிடம் போவார்கள். மிச்சப் பிள்ளைகள் நீதிபோதனைக்கு என்னிடம் வருவார்கள். நான் பாதி நேரம் அதிலும் கணக்குதான் போட்டேன், அது வேறு விஷயம். அவருக்கு என் வயதுதான், முப்பது முப்பத்தொன்று இருக்கும். கன்னியாஸ்திரியாகப் போய் மூன்று வருஷம் மடத்தில் இருந்துவிட்டு, இது நமக்குச் சரிப்படாது என்று வெளியே வந்தவர். அவருடைய சித்தப்பா ஒரு சாமியார். பாதிரியாராகப் போகிறவர்கள் படிக்கிற குருமடத்தில் தத்துவம் நடத்தியவர். அவர் காலமானபோது ஐந்து தடி நோட்டு இவருக்கு வந்து சேர்ந்தது. எழுநூறு வருஷத்துக்கு முன்னால் ஐரோப்பாவில் துறவிகள் உட்கார்ந்து விவாதித்ததெல்லாம் அந்த நோட்டுகளில் தமிழில் இருந்தது. மத்தியானம் டிபன் பாக்ஸையும் நோட்டையும் ஒன்றாகத் திறப்பார். ஸ்டாஃப் ரூமில் மற்றவர்கள், “ஐயோ, ஆரம்பிச்சுட்டாங்கப்பா” என்று நாற்காலியைத் திருப்பிப் போட்டுக்கொள்வார்கள். நான் மட்டும் திருப்பவில்லை. அந்தத் துறவிகளின் முறை எனக்குப் பிடித்துப்போயிருந்தது. எதிர்க்கட்சி என்ன சொல்கிறது என்று முதலில் நியாயமாக எழுதிவிட வேண்டும். அப்புறம்தான் தன் கட்சி. கடைசியில் எதிர்க்கட்சிக்கு ஒவ்வொன்றாகப் பதில். வடிவகணிதத்தில் தேற்றம் நிரூபிப்பதுபோல நேராகப் போகும்.

புண்ணியம் என்பது ஒரு காரியம் அல்ல, ஒரு பழக்கம் என்பார் அவர். ஒரு தடவை உண்மை சொன்னவன் உண்மையுள்ளவன் ஆகிவிட மாட்டான். சொல்லிச் சொல்லி, யோசிக்காமலே வாயில் உண்மை வருகிற அளவுக்குப் பழக வேண்டும். “கணக்கு மாதிரிதான் டீச்சர், தினமும் போட்டாத்தான் கை வரும்” என்று எனக்காகச் சேர்த்துக்கொள்வார். நான் வம்புக்கு இழுப்பேன். “அப்போ ஞானஸ்நானம் வாங்காத நான் நல்லவளா இருந்தா உங்க சாமி ஒத்துக்குவாரா, மாட்டாரா?” அவர் சிரிக்க மாட்டார். அது பெரிய சண்டை டீச்சர், அந்தக் காலத்திலேயே அடித்துக்கொண்டார்கள் என்று நோட்டைப் புரட்டுவார். விவேகம், நீதி, திடம், அளவோடு இருக்கிற மட்டசனம், இந்த நாலும் எந்த மனிதனுக்கும் பழகிப் பழகி வரும். விசுவாசம், நம்பிக்கை, தேவசிநேகம் என்ற மூன்றை மட்டும் கடவுளாகப் பார்த்துக் கொடுத்தால்தான் உண்டு. “நீங்க அந்த நாலையும் பழகிடுங்க டீச்சர். மிச்சம் மூணுக்கு நான் வேண்டிக்கிறேன்” என்றார் ஒருநாள், தயிர்சாதத்தைப் பிசைந்துகொண்டே. எனக்காக இன்னொருத்தர் அப்படி வேண்டிக்கொண்டதாக எனக்கு ஞாபகம் இல்லை.

பொய் விஷயத்தில் மட்டும் நாங்கள் ஒத்துப்போகவே இல்லை. எந்த நல்ல காரணத்துக்காகவும் பொய் சொல்லக் கூடாது என்பது அவர் கட்சி. சாகக் கிடக்கிறவர் ‘பிழைத்துவிடுவேனா’ என்று கேட்டால் என்ன சொல்வீர்கள் என்று மடக்கினேன். “பேசாம கையைப் பிடிச்சுக்கிட்டு உக்காந்திருக்கலாமே” என்றார். பொய்தான் கூடாது, மௌனம் கூடும். எல்லா உண்மையையும் எல்லோரிடமும் கொட்ட வேண்டும் என்று யாரும் கேட்கவில்லை. இந்த இடத்தைத்தான் நான் அப்புறம் நன்றாகப் பயன்படுத்திக்கொண்டேன்.

அந்த வருஷம் முழுப்பரீட்சை முடிந்து ஒன்பதாம் வகுப்புக் கணக்குப் பேப்பர் கட்டு என்னிடம் வந்தது. பெரம்பூரில் நாத்தனாருக்கு வளைகாப்பு. போகிற வழியில் நாலு பேப்பராவது திருத்தலாம் என்று மஞ்சப்பையில் போட்டு எடுத்துக்கொண்டு ஆவடியில் ரயில் ஏறினேன். ஏறின இடத்தில் தெரிந்த பெண்மணி ஒருத்தி. பேச்சு, பேச்சு, ஒரே பேச்சு. பெரம்பூரில் சீர்த்தட்டை ஜாக்கிரதையாக இரண்டு கையாலும் ஏந்தி இறங்கினேன். மேலே சாமான் வைக்கிற பலகையில் போட்ட மஞ்சப்பை ரயிலோடு சென்ட்ரலுக்குப் போய்விட்டது. ஓடினேன், கேட்டேன், எல்லாம் செய்தேன். நாற்பத்திரண்டு பிள்ளைகளின் பேப்பர் போனது போனதுதான்.

மறுநாள் ஞானோபதேச டீச்சரைச் சாப்பாட்டு நேரத்தில் வேப்பமரத்தடிக்குக் கூட்டிப் போனேன். “யார்கிட்டயும் சொல்ல மாட்டேன்னு முதல்ல வாக்குக் குடுங்க” என்றேன். பதறிப்போய்க் கொடுத்தார். வாக்கை வாங்கிக்கொண்ட பிறகுதான் விஷயத்தைச் சொன்னேன். இந்த வரிசையைக் கவனிக்க வேண்டும். தெரிந்தே செய்த தந்திரம் அது. அவர், “ஹெச்.எம். மதர்கிட்ட இன்னைக்கே சொல்லிடுங்க டீச்சர், திட்டுவாங்க, மறுபரீட்சை வைப்பாங்க, அவ்வளவுதானே” என்றார். சொல்கிறேன் என்றேன். சொல்லவில்லை. அந்த வருஷம்தான் எனக்கு வேலை நிரந்தரமாவதாக இருந்தது. அரையாண்டு மார்க்கை எடுத்து வைத்துக்கொண்டு, ஒவ்வொருவருக்கும் ஒன்றிரண்டு கூட்டியும் குறைத்தும் போட்டு முடித்தேன். ஒரு பெண்ணுக்கு அரையாண்டில் இருபத்தேழு. ஆனால் தை மாதத்துக்கு அப்புறம் அவள் எப்படியோ விழித்துக்கொண்டிருந்தாள். வகுப்புத் தேர்வில் ஐம்பது தாண்டினாள், என் கையால்தான் போட்டேன். பாஸ் போடலாமா என்று பேனாவைப் பிடித்துக்கொண்டு யோசித்தேன். இருபத்தேழு எப்படி ஐம்பதாச்சு, பேப்பரைக் காட்டு என்று யாராவது கேட்டுவிட்டால்? இருபத்தொன்பது என்று எழுதினேன். வகுப்பில் கணக்கில் பெயிலானவள் அவள் ஒருத்திதான்.

ரிசல்ட் வந்த மூன்றாம் நாள் அவள் அப்பா வந்தார். கொத்தனார் வேலை, சுண்ணாம்பு அப்பிய கையோடு நேராக வேலையிலிருந்து வந்திருந்தார். தலைமையாசிரியை மதர் அறைக்கு என்னையும் கூப்பிட்டார்கள். “எம் பொண்ணு நல்லா எழ்தினேன்னு சொல்லுதும்மா. அது பொய் பேசாது. அந்தப் பேப்பர ஒரு தபா காட்டிடுங்க, நான் போய்க்கினே இருக்கேன்” என்றார். மதர் என்னைப் பார்த்தார். திருத்திக் கட்டி ஸ்டோர் ரூமில் வைக்கச் சொல்லி ஞானோபதேச டீச்சரிடம் கொடுத்துவிட்டேன் என்றேன். ஸ்டோர் ரூம் சாவி அவரிடம் இருந்தது. அது மட்டும்தான் அதில் உண்மை.

அவரைக் கூப்பிட்டார்கள். கட்டு உங்களிடம் வந்ததா என்று மதர் கேட்டார். அவர் என்னை ஒரு பார்வை பார்த்தார். கோபப் பார்வை இல்லை. நீயே சொல்லிவிடேன் என்று கெஞ்சுகிற பார்வை. நான் சுவரில் மாட்டியிருந்த காலண்டரில் கிழமை பார்த்தேன். “அதைப் பத்தி நான் ஒண்ணும் சொல்றதுக்கில்ல மதர்” என்றார். மூன்று தடவை கேட்டார்கள், மூன்று தடவையும் அதே பதில். தொலைத்துவிட்டு மழுப்புகிறார் என்று மதர் முடிவு கட்டினார். மார்க் மார்க்தான், மாற்ற முடியாது என்று அந்தக் கொத்தனாரை அனுப்பிவிட்டார்கள். அவர் கும்பிட்டுவிட்டுப் போனார். ஞானோபதேச டீச்சருடையது வருஷாவருஷம் புதுப்பிக்கிற வேலை. அந்த வருஷம் புதுப்பிக்கவில்லை.

அந்த மே மாதக் கடைசியில்தான் சீட்டு வந்தது. மனஸ்தாபம் என்றால் எங்கள் பக்கத்தில் என்ன அர்த்தம்? இரண்டு குடும்பம் பேசாமல் போனால் மனஸ்தாபம். பந்தியில் சரியாகக் கவனிக்கவில்லை என்றால் மனஸ்தாபம். என் மேல் தீராத வருத்தம், வா, மதரிடமே போய்த் தீர்த்துக்கொள்வோம் என்று கூப்பிடுகிறார் என்று எடுத்துக்கொண்டேன். அப்படி எடுத்துக்கொள்வது எனக்கு வசதியாகவும் இருந்தது. நாம் கெடுதல் செய்த ஆள் நம்மேல் கோபமாக இருந்துவிட்டால் ஒரு நிம்மதி. நாமும் பதிலுக்குக் கோபித்துக்கொள்ளலாம். அடுத்த வாரம் அவர் திருச்சிப் பக்கம் போய்விட்டதாகச் சொன்னார்கள். ஜூனில் பள்ளி திறந்தபோது அந்தப் பெண் வரவில்லை. மறுபடி ஒன்பதாவது படிக்க வைக்கிற எண்ணம் வீட்டில் இல்லையாம். எனக்கு வேலை நிரந்தரமானது.

எட்டொன்பது வருஷம் ஓடியது. தொண்ணூறுகளில் எங்கள் பக்கத்துக் குவார்ட்டர்ஸுக்கு ஒரு கத்தோலிக்கக் குடும்பம் வந்தது. அவர்கள் மகளுக்குப் புதுநன்மை, அதாவது முதல்முறை நற்கருணை வாங்குகிற சடங்கு, நெருங்கிக்கொண்டிருந்தது. சாயங்காலமானால் அம்மாக்காரி மகளை உட்காரவைத்து மந்திரம் சொல்லிக் கொடுப்பாள். கொடியில் துணி எடுக்கப் போன என் காதில் விழுந்தது. “மொதல்ல மனஸ்தாபப்படணும், அப்பால சாமியாராண்ட போய் பாவத்த சொல்லணும், பிரியுதா?” நான் கொடியைப் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டேன். “ஏம்மா, மனஸ்தாபம்னா சண்டைதானே? யார்மேல மனஸ்தாபப்படணும்?” அவள் சிரித்தே விட்டாள். “ஐய, அது இல்லக்கா. எங்களுக்கு மனஸ்தாபம்னா நாம செஞ்ச தப்ப நெனச்சி மனசு நொந்து அழுவுறது. நரகத்துக்குப் பயந்துகினு அழுதா அது ஒரு மாதிரி. சாமிய நோவடிச்சிட்டோமேன்னு அழுதா அது உத்தம மனஸ்தாபம்.”

துணியை எடுத்தேனா இல்லையா என்றே நினைவில்லை. உள்ளே வந்து அரிசி டின்னை நகர்த்திப் பார்த்தேன். தாள் எப்போதோ போயிருந்தது. ஆனால் வரிகள் போகவில்லை. அவர் என்மேல் வருத்தப்படவே இல்லை! தன்னை நினைத்துத்தான் நொந்திருக்கிறார். பொய் சொல்லாமல் தப்பித்த தன் மௌனத்தால் ஒரு பிள்ளை படிப்பை இழக்கிறதே, இது என்ன நீதி என்று தனியாக உட்கார்ந்து தனக்கெதிராகத் தானே கட்சி கட்டியிருக்கிறார். அவர் போகக் கூப்பிட்ட ஓரிடம் எது என்று இப்போது யாரும் சொல்ல வேண்டியதில்லை. அண்ணனூர் ஸ்டேஷனிலிருந்து ஐந்து நிமிஷ நடையில் அந்தக் கொத்தனார் வீடு. வாக்குக் கொடுத்துவிட்டதால் அவராகப் போய்ச் சொல்ல முடியாது, நான்தான் அவரை அவிழ்த்துவிட வேண்டும். பள்ளி திறக்க இன்னும் பத்து நாளுக்கு மேல் இருந்தது. அன்றைக்கு நான் போயிருந்தால் அந்தப் பெண் பத்தாவதில் உட்கார்ந்திருப்பாள். இத்தனை வருஷமாக எனக்கும் உறுத்தல் இருந்தது, இல்லாமல் இல்லை. ஆனால் அது மாட்டிக்கொள்வேனோ என்ற நடுக்கம். பக்கத்து வீட்டுக்காரி சொன்ன முதல் ரகம். அந்த ரகம் போதுமா போதாதா என்றுகூட அந்தத் துறவிகள் விவாதித்திருக்கிறார்கள் என்று பின்னால் தெரிந்துகொண்டேன். என் விஷயத்தில் போதவில்லை. அது என்னை அந்தத் தெருப்பக்கமே போகவிடாமல் செய்தது, அவ்வளவுதான்.

பள்ளி ஆபீசில் இருந்த பழைய விலாசத்துக்குக் கடிதம் எழுதினேன். விலாசதாரர் இல்லை என்று திரும்பி வந்தது. மன்னிப்புக் கேட்க மிச்சம் இருந்தது அந்தப் பெண் ஒருத்திதான். ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அண்ணனூரில் இறங்கி நடந்தேன். தேடவே வேண்டியிருக்கவில்லை. அதே வீட்டில் இருந்தாள், கல்யாணமாகி, ஒரு குழந்தையோடு. வாசலில் உட்கார்ந்து சட்டைகளுக்குக் காஜா எடுத்துக்கொண்டிருந்தாள். “கணக்கு டீச்சரா? இன்னா டீச்சர், இவ்ளோ தூரம்? குந்துங்க” என்று புடவைத் தலைப்பால் முக்காலியைத் துடைத்துப் போட்டாள். நான் உட்காரவில்லை. உட்கார்ந்தால் வேறு பேச்சு பேசிவிட்டு எழுந்து வந்துவிடுவேன் என்று என்னைப் பற்றி எனக்குத் தெரியும். ரயில், மஞ்சப்பை, இருபத்தொன்பது, மதர் அறையில் சொன்ன பொய், நான் வராமல்போன சனிக்கிழமை, எல்லாவற்றையும் நின்றபடியே சொன்னேன். அவள் ஊசியைத் துணியில் குத்தி வைத்துவிட்டுக் கேட்டாள்.

“நான் இன்னா மார்க்கு டீச்சர்? நெசமா சொல்லுங்க.”

அறுபது என்று சொல்லியிருக்கலாம். நாக்கு நுனிவரை வந்தது. அவளுக்கும் ஆறுதல், எனக்கும் ஆறுதல், யாருக்கும் நஷ்டமில்லை. அவளுக்கு இன்னொரு தடவை நானாக ஒரு மார்க் போடுவதா? “தெரியாதும்மா. உன் பேப்பரை நான் பிரிச்சுக்கூடப் பாக்கல” என்றேன்.

அவள் கத்துவாள் என்று எதிர்பார்த்தேன். கத்தியிருந்தால் தேவலை. உள்ளே சுவரில் மாலை போட்டிருந்த கொத்தனாரின் படத்தைத் திரும்பிப் பார்த்தாள்.

“நல்லா எழ்தினேன்னு நான் பொய் சொல்லிட்டேன்னு நெனச்சிகினே எங்க நைனா பூட்டாரு. அவராண்ட யாரு டீச்சர் போய் சொல்லுவா?”