புது எஸ்எஸ்டி யார் பங்கு?

எங்கள் பிளேஸ்டேஷனில் கேம்களைச் சேமிக்க இடம் தீர்ந்துவிட்டதால், இன்று காலை அரியலூர் போய்ப் பழையதைவிட இரண்டு மடங்கு பெரிய எஸ்எஸ்டி வாங்கி வந்து மாட்டினேன்.

தம்பி வேலையிலிருந்து வருவதற்குள் என் கேம்களை எல்லாம் அதற்கு மாற்றிவிட்டேன். அவனுடையதைப் பழையதிலேயே விட்டுவிட்டேன்.

வந்து பார்த்தவன் நேராக அப்பாவிடம் போனான். "பெருசு அக்காவுக்கு, சின்னது எனக்காப்பா?"

கரும்புக் கொல்லையிலிருந்து அப்போதுதான் வந்த அப்பா என்னைப் பார்த்தார். "யாரும்மா பங்கு பிரிச்சது?"

"நாந்தாம்ப்பா," என்றேன் பெருமையாக.

"நெலம் பிரிச்சா என்ன மொற? மூத்தவங்க பிரிக்கணும், எளையவங்க மொதல்ல எடுக்கணும். நீ எடுத்துக்கடா."

எடுத்துக்கொண்டான்.

இப்போது என் கேம்கள் பழையதற்கே திரும்பிக்கொண்டிருக்கின்றன. முப்பது சதவீதம் ஆகியிருக்கிறது.

மூத்தவர்களாகப் பிறந்த பாவிகள் கமெண்டில் வந்து அழுதுவிட்டுப் போகலாம்.