ஆடிட் ஃபைலில் என் கவிதைத் தொகுப்பு

என் முதல் கவிதைத் தொகுப்பை முழுதாகப் படித்தவர்கள் மூன்றே பேர். தட்டச்சு செய்தவர், பிழை திருத்தியவர், பிறகு பெங்களூரிலிருந்து ஆடிட்டுக்கு வந்த ஒரு அம்மா. முன்னுரை எழுதித் தந்தவரை நான் சேர்க்கவில்லை. ‘துணிச்சலான குரல்’ என்று ஒன்பது இடங்களில் எழுதியிருந்த அவர், ஒரு கவிதையின் தலைப்பைக்கூடக் குறிப்பிடவில்லை.

பெண், நிறம், பராமரிப்பு என்று பின்னட்டையில் போட்டிருந்தார்கள். எனக்குச் சொந்த ஊர் தூத்துக்குடிப் பக்கம். பிழைப்பு மண்ணரையில், ஒரு பனியன் கம்பெனியின் செக்கிங் மேசையில். என்னைப் பெண் பார்க்க வந்தவர்கள் முதலில் பார்த்தது என் நிறத்தை. அது ஒரு கவிதை. எல்லா மனிதரும் சமம் என்று இங்கிலீஷில் அச்சடித்த டீ-சர்ட்டில் பிசிறு வெட்டிக்கொண்டே, பக்கத்தில் நிற்கும் ஒடிசாக்காரப் பெண்ணை நாங்கள் ‘ஏ இந்தி’ என்று கூப்பிட்டோம், அது இன்னொன்று. ‘நாங்கள்’ என்றிருந்ததை ‘அவர்கள்’ என்று மாற்றித்தான் அச்சுக்குக் கொடுத்தேன். கவிஞர்களுக்கு அந்தச் சலுகை உண்டு.

மூன்றாவது, அந்த ஒடிசாக்காரப் பெண்ணின் இரண்டு வயது மகளைப் பற்றியது. எங்கள் கம்பெனியில் குழந்தைகள் காப்பகம் இருக்கிறது. சுவரில் முயல், யானை எல்லாம் வரைந்து, தொட்டில் கட்டி, கதவில் பெரிய பூட்டும் தொங்கவிட்டிருப்பார்கள். ஆர்டர் தரும் வெளிநாட்டுக்காரர்களுக்காகத் தொழிலாளர் வசதிகளைச் சோதிக்க வருகிற ஆடிட் அன்றைக்கு மட்டும் திறப்பார்கள். மற்ற நாட்களில் அவள் பிள்ளையைக் கம்பெனிக்குப் பக்கத்திலிருக்கும் லைன் வீட்டு அறைக்குள் விட்டு, வெளியே பூட்டிவிட்டு வேலைக்கு வருவாள். டீ நேரத்தில் ஓடிப்போய் ஜன்னல் வழியாகப் பார்த்துவிட்டு வருவாள். கதவைத் திறந்தால் பிள்ளை திரும்ப விடாதாம். வெளியீட்டுக் கூட்டத்தில் நான் அந்தக் கவிதையை வாசித்தபோது இரண்டு பேர் கண்ணைத் துடைத்தார்கள். எனக்குப் பெருமையாக இருந்தது.

எங்கள் முதலாளி கவிதை படிக்கிறவர் அல்ல. பல்லடத்துப் பக்கம் கோழிப்பண்ணை வைத்திருந்து பனியனுக்கு வந்தவர். ‘ங்க’ போடாமல் யாரிடமும் பேசமாட்டார். வேலையை விட்டு அனுப்பும்போதும் போடுவார். பின்னட்டையைப் பார்த்ததும் அவர் முகம் மலர்ந்துவிட்டது.

“ஏனுங்க அம்மிணி, இதெல்லாம் ஆடிட் பாரத்துல கேக்கறதுதானுங்களே? பொம்பளைங்களுக்கு மரியாதை, நெறம் பாக்காம இருக்கறது, கொழந்தையப் பாத்துக்கறது. வரிசைகூட மாறலீங்க.”

தீயணைப்புப் பயிற்சிப் பதிவேட்டுக்கும் கழிப்பறை சுத்தம் செய்த பதிவேட்டுக்கும் நடுவில் என் தொகுப்பு ஃபைலில் ஏறியது. தன் கம்பெனியைத் திட்டி எழுதிய புத்தகத்தைத் தன் கையாலேயே ஆடிட்டுக்கு எடுத்துக் கொடுத்தவர் ஊரில் வேறு யாரும் இருக்கமாட்டார்கள். நான் அவரைத் தடுக்கவில்லை. புத்தகம் பேசட்டும் என்று நினைத்தேன்.

ஆடிட் அன்று வழக்கம்போல எல்லாம் நடந்தது. துணி வெட்டும் கட்டிங் பிரிவில் எல்லோருக்கும் புது முகக்கவசம். முதலுதவிப் பெட்டிக்குள் மருந்து. காப்பகம் திறந்திருந்தது. ஒடிசாக்காரி மகளுக்குத் தலைவாரிப் பொட்டு வைத்துக் கூட்டி வந்திருந்தாள். பிள்ளை மரக்குதிரையில் ஏறி உட்கார்ந்தது, இறங்கவேயில்லை.

மதியம் ஆடிட்டர் அம்மா என்னைத் தனியாகக் கூப்பிட்டுக் கதவைச் சாத்தினார். மேசையில் என் புத்தகம் விரிந்து கிடந்தது.

“நேத்தே ஃபைல் அனுப்பிட்டாங்க. முழுசாப் படிச்சேன்மா. காப்பகம் ஆடிட் அன்னைக்கு மட்டும்தான் திறக்கும்னு எழுதியிருக்கீங்க. இது இந்தக் கம்பெனியா? நீங்க சொல்றது இந்த ரூமை விட்டு வெளிய போகாது.”

ஆமாம் என்று ஒரு வார்த்தை போதும். அந்தக் கதவு தினமும் திறந்திருக்கும். ஆர்டர் போனாலும் போகும், என் வேலையும் போகலாம். புத்தகத்தில் என் பெயரைப் போட்டு ஊருக்கே சொன்னதை, மூடிய அறைக்குள் ஒரே ஒரு பெண்ணிடம் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. பயம்தான், வேறொன்றுமில்லை.

“இல்ல மேடம், அது கவிதைல்லா. சும்மா கற்பனையா எழுதுனது. காப்பகம் டெய்லி தொறந்துதான் இருக்கும்.”

அவர் புத்தகத்தை மூடி வைத்தார். பிறகு பாரத்தில் ஒரு கட்டத்தில் டிக் போட்டார்.

“நல்ல கற்பனைம்மா” என்றார். படித்துவிட்டு ஒருவர் சொன்ன விமர்சனம் என்று எனக்குக் கிடைத்தது அதுதான். நியாயமான விமர்சனம்.

நாலு மணிக்கு அவர் கார் கேட்டைத் தாண்டியது. முதலாளி செக்கிங் மேசைக்கே வந்து, “நம்ம பொஸ்தகம் பாஸாயிருச்சுங்க அம்மிணி” என்று சொல்லிவிட்டுப் போனார். அதற்குள் காப்பகத்தைப் பூட்ட ஆள் வந்து நின்றான். குதிரையைக் கட்டிப் பிடித்துக்கொண்டு பிள்ளை அலறியது. ஒடிசாக்காரி அதன் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்து எடுத்து இடுப்பில் வைத்துக்கொண்டாள். என்னைத் தாண்டும்போது நின்றாள்.

“அக்கா, நாளைக்கும் ஆடிட் வருமா?”

வராது என்றேன். வேலை முடிய இன்னும் நாலு மணி நேரம் இருந்தது. சூப்பர்வைசரிடம் பத்து நிமிஷம் கேட்டு வாங்கிக்கொண்டு, பிள்ளையை அறைக்குள் விட்டுப் பூட்டிவிட்டு வர ஓடினாள்.